எலும்பு கிடைக்காத தாத்தா

"டைனோசர் பக்கத்துல எலி எதுக்கும்மா?" என்று கீழே நின்று கத்தினார் அருங்காட்சியக மேலாளர்.

ஓவியக்காரி ஏணியிலிருந்து இறங்கவே இல்லை. "எலி இல்ல சார். நம்ம வகையறா. குரங்கு, மனுஷன் எல்லாருக்கும் முன்னால வந்தவரு."

"பாக்கறவங்களுக்கு எலியாத்தானே தெரியுது!"

சுவர் முழுக்க இரண்டு டைனோசர்கள் மல்லுக்கு நின்றன. ஒன்றுக்கு முதுகெல்லாம் தகடு, மற்றதற்கு வாயெல்லாம் பல். இந்தச் சண்டைக் காட்சி மேலாளரின் சொந்த யோசனை. பெருமை தாங்காமல் நுழைவுச் சீட்டிலும் அச்சடித்துவிட்டார். கிளையில் உட்கார்ந்திருந்த கையளவுப் பிராணி மட்டும்தான் ஓவியக்காரியின் யோசனை. அத்தனை பெரிய சுவரில் அவள் ஆசைப்பட்டு வரைந்தது அது ஒன்றைத்தான்.

எலி மாதிரித் தெரியக் கூடாது, அவ்வளவுதானே? கிளையைப் பற்றிக்கொள்கிற மாதிரி விரல்களை நீட்டினாள். மறுநாள் வந்தவர்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். "டைனோசர் காலத்துல ஏதுங்க குரங்கு?"

சரி, கொஞ்சம் மறைத்துத் தொலைப்போம் என்று மேலே இலைகளை வரைந்தாள். இரண்டு கண்கள் மட்டும் மிஞ்சின. அதைப் பார்த்து அலறிய ஒரு பெண்மணி புகார்ப் புத்தகத்தில் எழுதினார்: 'சுவருக்குள் எலி இருக்கிறது. உயிரோடு.'

அந்த அலுவலகம் அவ்வளவு சுறுசுறுப்பாக வேலை செய்து யாரும் பார்த்ததில்லை. மத்தியானமே எலி பிடிப்பவர் கூண்டும் மருந்துமாக வந்து நின்றார்.

மேலாளருக்கு மானம் போயிற்று. "இப்பவே அழிச்சிடும்மா. இல்லேன்னா நாளைலேர்ந்து வேலைக்கு வராதே."

ஓவியக்காரிக்குப் பயம்தான். ஆனால் பயத்தைவிடக் கோபம் ஒரு படி மேலே இருந்தது. ஈரத்துணியை எடுத்து அழித்தாள், இன்னும் காயாத இலைகளை. பிராணி முழுசாக வெளியே வந்து உட்கார்ந்துகொண்டது.

"என்னம்மா பண்றே?"

"இவரு ஒளிஞ்சு வாழ்ந்தது போதும் சார். டைனோசர் போய்ச் சேர்ந்த கையோட வாழ்ந்த இவரு வம்சத்துப் பல்லு கிடைச்சிருக்கு, அதுலேயே ரெண்டு வகை இருக்காம். ரெண்டு பேரன் இருந்தா, தாத்தா அதுக்கு முன்னாடியே இருந்திருக்கணும்ல?"

"தாத்தாவோட எலும்பு கிடைச்சுதா?"

"இன்னும் இல்ல."

"அப்போ தாத்தாவே இல்ல!"

"உங்க எள்ளுத்தாத்தா போட்டோ வெச்சிருக்கீங்களா சார்?"

"இல்லையே."

"அப்போ நீங்க எப்படி வந்தீங்க?"

எலி பிடிப்பவர் களுக்கென்று சிரித்துவிட்டார். சிரித்தது தப்போ என்று பயந்து, ஓரமாக ஒதுங்கி, எலும்புகள் வைத்திருந்த கண்ணாடிப் பெட்டிகளை அக்கறையாகப் பார்ப்பதுபோல் நின்றுகொண்டார்.

மேலாளர் பேச்சை விட்டுவிட்டு வெள்ளைப் பெயிண்ட் டப்பாவைத் தூக்கினார். ஓவியக்காரி இறங்கி வந்து ஏணிக்குக் குறுக்கே நின்றாள். "வேலை போனா போகட்டும். முதல்ல என்மேல பூசுங்க, அப்புறம் அவர்மேல பூசுங்க."

"இது விஞ்ஞானக் கூடம்மா! ஒரே காலத்துல வாழ்ந்ததுக்கு அத்தாட்சி இல்லாத எதுவும், சின்னதோ பெரிசோ, இந்தச் சுவர்ல இருக்கவே கூடாது!"

எலி பிடிப்பவர் தயங்கித் தயங்கித் திரும்பினார்.

"சார், தகடு முதுகுக்காரர் பெட்டியில பதினஞ்சு கோடி வருஷம்னு போட்டிருக்கு, பல்லுக்காரர் பெட்டியில ஆறே முக்கால் கோடின்னு போட்டிருக்கு... அப்போ இவங்க ரெண்டு பேரும் எங்க சார் சந்திச்சுச் சண்டை போட்டாங்க?"