அடிலெய்டைப் பிறப்பிடமாகவும் புவாண்ட்-கிளேரை வதிவிடமாகவும்

எங்கள் ஆட்கள் வானொலியை முழுதாகக் கேட்பதில்லை. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் கறிச்சட்டி அடுப்பில் இருக்கும், மிக்சி இரைந்துகொண்டிருக்கும், பிள்ளை பிரெஞ்சில் ஏதோ கேட்டு நச்சரித்துக்கொண்டிருக்கும். செய்தியில் பாதி காதில் விழும். விளம்பரத்தில் காற்பங்கு விழும் (விளம்பரம் கொடுத்த கடைக்காரரிடம் இதைச் சொல்லிவிடாதீர்கள்). ஆனால் மரண அறிவித்தல் தொடங்கினால் மிக்சி நிற்கும். எந்த ஊர், யாருடைய தகப்பன், எந்த மண்டபம், எத்தனை மணி? இவ்வளவும் கிடைத்தவுடன் மிக்சி மறுபடி ஓடும். ‘காலமானார்’ என்ற சொல்லை யாரும் காத்திருந்து கேட்பதில்லை. அது வரும் என்பது தெரிந்ததுதானே.

மொன்றியலில் அந்த அறிவித்தல்களை வாசித்துக்கொண்டிருந்தவன் நான். பார்க் எக்ஸ்டென்ஷனில் ஒரு பலசரக்குக் கடையின் நிலக்கீழ் அறையில் எங்கள் வானொலி இருந்தது. ரவி அண்ணை அதை நடத்தினார். எனக்கு இயல்பாகவே தடிமன் பிடித்து மூக்கடைத்த குரல். முதல் நாள் நான் ‘வணக்கம்’ என்றதுமே அண்ணை, “குகன், உமக்கு மரண அறிவித்தல்தான் சரி” என்று தீர்த்துவிட்டார். அதன்பிறகு நான் வாசிக்காமல் இந்த நகரத்தில் ஒரு தமிழரும் மேலே போனதில்லை.

எனக்கோ கிரிக்கெட் வர்ணனையாளன் ஆகவேண்டும் என்ற ஆசை. சிறுவயதில் மற்றப் பிள்ளைகள் விளையாடும்போது நான் மதிலில் ஏறி இருந்து வர்ணனை செய்தவன். (விளையாட யாரும் சேர்க்கவில்லை என்பதும் உண்மை.) அண்ணையிடம் விளையாட்டு நிகழ்ச்சி ஒன்று கேட்டுக்கேட்டு அலுத்துப்போயிருந்தேன். பேந்து பார்ப்பம், பேந்து பார்ப்பம் என்று பிறகுக்குத் தள்ளிவிடுவார்.

அந்தப் ‘பேந்து’ வந்தது ஹெலன் மூலமாக. புவாண்ட்-கிளேரில் நான் வேலை செய்த சப்பாத்துக் களஞ்சியத்தின் மேலாளர் அவர். அவுஸ்திரேலியப் பெண். எங்களில் பாதிப் பேர் தமிழர் என்பதால் ‘ஓம்’, ‘இல்லை’, ‘களவெடுக்காதே’ மூன்றும் அவருக்கு நன்றாகத் தெரியும். ஒருநாள் சாப்பாட்டு நேரத்தில், தன் தகப்பன் கோடை விடுமுறைக்கு வந்திருக்கிறார் என்றார். பெயர் மேர்வின் ஹாப்குட். உள்ளூர்ப் பத்திரிகையில் குதிரை ஓட்டச் செய்தி எழுதித் தொடங்கி, வானொலிக்குப் போய், தொலைக்காட்சிக்குப் போய், நாற்பது வருடம் கிரிக்கெட்டும் நீச்சலும் டென்னிசும் வர்ணித்து ஓய்வுபெற்றவர்.

“அப்பாவுக்கு இங்கே பொழுது போகவில்லை. புல்வெட்டும் இயந்திரத்தை ஜன்னலால் பார்த்து வர்ணனை செய்துகொண்டிருக்கிறார்” என்றார் ஹெலன்.

அடுத்த சனிக்கிழமை டொலார்ட் பூங்காவில் எங்கள் பழைய மாணவர் சங்கங்களின் கிரிக்கெட் இறுதி ஆட்டம். நான் அண்ணையிடம் ஓடினேன்.

“மெய்யாவே வருவாரோ?”

“ஓம் அண்ணை. நானும் அவரும் பக்கத்தில பக்கத்தில இருந்து வர்ணனை.”

அண்ணை கொஞ்சம் யோசித்தார். “சரி. அது நல்லாப் போச்செண்டால் விளையாட்டு நிகழ்ச்சி உமக்குத்தான். ஆட்டம் நடத்துற கழகத்துக்கு நான் சொல்லுறன். ஞாயிற்றுக்கிழமை நீரே ஒரு அறிவித்தல் எழுதி வாசியும்.”

பஸ்ஸில் வரும்போதே எழுதினேன். இங்கேதான் வினை. நான் வாழ்க்கையில் ஒரேயொரு வகை அறிவித்தல்தான் எழுதியிருக்கிறேன். செக்குமாடு வேறு எந்தப் பாதையில் போகும்? அந்த ஞாயிறு மைக்கின் முன் இருந்து நான் வாசித்தது இதுதான்:

“அவுஸ்திரேலியா அடிலெய்டைப் பிறப்பிடமாகவும், மொன்றியல் புவாண்ட்-கிளேரைத் தற்காலிக வதிவிடமாகவும் கொண்ட, பிரபல விளையாட்டுச் செய்தியாளரும் ஒலிபரப்பாளருமான திரு. மேர்வின் ஹாப்குட் அவர்கள், எதிர்வரும் சனிக்கிழமை எம்மிடையே எழுந்தருளவிருக்கிறார். அன்னார் ஹெலனின் பாசமிகு தந்தையும், பத்திரிகை, வானொலி, தொலைக்காட்சி ஆகிய துறைகளில் நாற்பது ஆண்டுகள் அரும்பணி ஆற்றியவரும் ஆவார். அன்னாரைக் காலை பத்து மணி தொடக்கம் டொலார்ட் பூங்காவில் பார்வையிடலாம். இத்தகவலை உற்றார், உறவினர், நண்பர்கள் அனைவரும் ஏற்றுக்கொள்ளவும்.”

‘காலமானார்’ என்று நான் சொல்லவில்லை. இன்றைக்கும் கோயிலில் கற்பூரம் அடித்துச் சத்தியம் செய்வேன். ஆனால் ‘அன்னார்’ என்ற சொல்லை உயிரோடு இருக்கும் ஒருவருக்குப் பாவித்த முதல் தமிழன் நானாகத்தான் இருக்கவேண்டும். போதாக்குறைக்கு, ரோல்ஸ் சாப்பிட்டுக்கொண்டிருந்த ரவி அண்ணை, என் குரல் தொடங்கியதும் கைப்பழக்கத்தில் மரண அறிவித்தலுக்குப் போடும் அந்தச் சோகப் புல்லாங்குழலைத் தட்டிவிட்டார். அன்று பின்னேரமே ஒரு கலியாணத்துக்கு ரொறன்ரோ போய்விட்டார். என் மனைவி சுமதி கேட்டிருந்தால் உடனே பிழையைப் பிடித்திருப்பாள். அவள் கோயிலில் இருந்தாள்.

மாலையிலிருந்து தொலைபேசி ஓயவில்லை.

“குகன், நல்லா வாசிச்சனீர். நெஞ்சைப் பிடிச்சுப்போட்டுது” என்றார் ஒருவர்.

“அவையள் பூ வேண்டாமெண்டு சொல்லேல்லைத்தானே?” என்று கேட்டார் ஒரு அக்கா.

“ஏன் அக்கா சொல்லப்போயினம், தாராளமாக் கொண்டுவாங்கோ.”

ஒரு விளையாட்டு அறிவிப்புக்கு நெஞ்சைப் பிடிப்பானேன் என்று நான் யோசித்திருக்கலாம். யோசிக்கவில்லை. என் திறமையில் எனக்கு அவ்வளவு நம்பிக்கை.

திங்கட்கிழமை களஞ்சியத்தில் பொதி கட்டும் பகுதிப் பெண்கள் ஒவ்வொருவராக ஹெலனின் அறைக்குப் போய்க் கையைப் பிடித்து, தலையைச் சரித்து, ‘சொறி மேடம்’ என்று சொல்லிவிட்டு வந்தார்கள். அந்தக் கிழமை அவர் சனிக்கிழமை மேலதிக வேலையை நிறுத்தியிருந்தார். அதற்கு எதிர்ப்புக் காட்டாமல் தன்னிடமே மன்னிப்புக் கேட்கிறார்களே என்று அவர் நெகிழ்ந்துபோனார். செவ்வாய்க்கிழமை இடியப்பமும் சொதியும் வந்தன. புதன்கிழமை புட்டு. செத்தவீட்டில் அடுப்பு மூட்டக்கூடாது அல்லவா.

“குகன், உங்கள் ஆட்கள் ஏன் எனக்குச் சாப்பாடு தருகிறார்கள்?” என்று ஹெலன் கேட்டார்.

“உங்கள் அப்பா வந்திருக்கிறார் என்ற சந்தோசம். நாங்கள் விருந்தோம்பலுக்குப் பெயர்போனவர்கள்” என்றேன் நெஞ்சை நிமிர்த்தி. தகப்பனுக்குச் சொதி நன்றாகப் பிடித்துவிட்டதாம்.

சனிக்கிழமை ஹெலனின் காரில் மூவரும் போனோம். ஹாப்குட் வெள்ளைத் தொப்பி, கழுத்துப் பட்டி எல்லாம் போட்டு, மணிக்கட்டில் தொலைநோக்கியைத் தொங்கவிட்டு, முன்னாசனத்தில் இருந்தார். எழுபது தாண்டியும் குரல் கணீரென்று இருந்தது. பின்னாசனத்தில் நான் மைக்கை மடியில் வைத்துக்கொண்டு என் விளையாட்டு நிகழ்ச்சிக்குப் பெயர் யோசித்துக்கொண்டு வந்தேன்.

பூங்காவில் கார் விட இடமில்லை. எங்கள் கிரிக்கெட்டுக்கு வழக்கமாக வருவது ஆடுகிறவர்களும் அவர்களைத் திரும்பக் கூட்டிக்கொண்டுபோக வந்த மனைவிமாரும்தான். அன்று ஊரே திரண்டிருந்தது. எல்லாரும் வெள்ளை உடுப்பு. பக்கத்தில் முருகன் கோயில் இருப்பதால் அங்கிருந்து வந்திருப்பார்கள் என்று நினைத்தேன். இரண்டு அணிப் பொடியங்களும் கையில் கறுப்புப் பட்டி கட்டியிருந்தார்கள். அதையும் ஏதோ புது நாகரிகம் என்று நினைத்தேன். அன்றைய என் மூளையைப் பற்றி வேறு என்ன சொல்ல.

ஹாப்குட் காரால் இறங்கியதும் சனம் விறைத்துப்போய் நின்றது. பிறகு ஒரு குரல் கேட்டது: “தம்பியார் போல கிடக்கு. அச்சொட்டா அவரேதான்.”

அவ்வளவுதான், வரிசை கட்டிவிட்டார்கள். ஒவ்வொருவரும் வந்து அவருடைய கையை இரண்டு கையாலும் பிடித்துத் தலையை ஆட்டினார்கள். அவர் எல்லாருக்கும் சிரித்துச் சிரித்துக் கைகொடுத்தார். “என்ன அருமையான மக்கள்” என்று என்னிடம் சொன்னார். அப்போதுதான் சனம் விலகிய இடத்தில் ஒரு மேசை தெரிந்தது. மேசையில் நான் கழகத்துக்குக் கொடுத்த ஹாப்குட்டின் படம் பெரிதாக்கிச் சட்டம் போட்டு இருந்தது. படத்துக்கு மாலை, முன்னால் குத்துவிளக்கு. மேலே பெரிய பதாகை: ‘கண்ணீர் அஞ்சலி’.

வருவதாக இருந்த விருந்தாளி இப்படித் திடீரென்று போய்விட்டாரே என்று கழகத்தார் கூடிப் பேசிச் செய்த ஏற்பாடு அது. பூங்காவில் பார்வைக்கு வைப்பார்களா என்று சிலர் சந்தேகப்பட்டார்களாம். வெள்ளைக்காரர் எதையும் செய்வார்கள் என்று சமாதானப்பட்டுக்கொண்டார்களாம்.

“அதில் என்ன எழுதியிருக்கிறது?” என்று ஹாப்குட் பதாகையைக் காட்டிக் கேட்டார்.

“நல்வரவு” என்றேன்.

அவர் படத்துக்குப் பக்கத்தில் நின்று ஹெலனைப் படம் எடுக்கச் சொன்னார். ஹெலன் கமராவைத் தூக்கவில்லை. தன்னிடம் வேலை செய்தவர்களின் செத்தவீடுகளுக்குத் தவறாமல் போய்வந்த பெண் அவர். மாலைக்கும் விளக்குக்கும் என்ன பொருள் என்று அவருக்குத் தெரியும். அந்த நேரம் பார்த்து ஒலிபெருக்கியில், “அமரர் ஹாப்குட் அவர்களுக்காக இப்போது மௌன அஞ்சலி” என்றார்கள். எல்லாரும் தலை குனிந்தார்கள். ஹாப்குட்டும் தொப்பியைக் கழற்றித் தலை குனிந்தார்.

“யார் இறந்தது?” என்று மெதுவாகக் கேட்டார்.

ஹெலன் என்னைப் பார்த்தார். இடியப்பம், சொதி, புட்டு எல்லாம் ஒவ்வொன்றாக அவர் முகத்தில் வந்து போனதை நான் கண்டேன்.

“குகன். சொல்லு அவருக்கு” என்றார்.

சொன்னேன். விளையாட்டு நிகழ்ச்சி போயிற்று என்று தெரிந்தது. வேலையும் போகும் என்று நினைத்தேன். வெட்கத்தில் அழுதுவிடுவேன் போல இருந்தது. ஹாப்குட் சிரிக்கவும் இல்லை, கோபிக்கவும் இல்லை. தொப்பியைக் கையில் வைத்தபடி அந்தச் சனத்தைப் பார்த்தார்.

“நான் ஓய்வுபெற்ற அன்று ஒரு கேக் வெட்டினார்கள்” என்றார். “கொஞ்சப் பேர்தான் வந்தார்கள். அதிலும் சிலர் வேறொரு கூட்டத்துக்கு வந்து அறை மாறி நுழைந்தவர்கள்.”

பிறகு மைக்கை வாங்கி, நாற்பது வருடம் பேசிய அந்தக் குரலில், தான்தான் ஹாப்குட் என்றும், சொதிக்கு நன்றி என்றும், நிகழ்ச்சியைத் தொடரலாம் என்றும் ஆங்கிலத்தில் சொன்னார். சனத்துக்கு விளங்கக் கொஞ்ச நேரம் எடுத்தது. விளங்கியதும் எல்லாத் தலையும் என் பக்கம் திரும்பியது. ரொறன்ரோவிலிருந்து அப்போதுதான் வந்து இறங்கிய ரவி அண்ணை, மெல்ல மீண்டும் காருக்குள் ஏறினார்.

எல்லாம் முடிந்தது என்று பார்த்தால், டாக்ஸி ஓட்டும் சிவநேசன் அண்ணை கையில் தாளோடு முன்னுக்கு வந்தார். இரங்கலுரை எழுதிக்கொண்டு வந்திருந்தார்.

“அண்ணை, ஆள் உயிரோட நிக்கிறார்” என்றேன்.

“நிக்கட்டும். எழுதினதை வாசிக்காமல் நான் போகன். இங்கிலீசிலயும் நீர்தான் சொல்லவேணும்.”

எங்கள் கூட்டங்களில் எழுதிக்கொண்டு வந்தவரை யாராலும் தடுக்க முடியாது. அவர் வாசித்தார், நான் மொழிபெயர்த்தேன். பதின்மூன்று வயதில் விடியற்காலையில் தகப்பனுக்குத் தெரியாமல் ரேடியோவைப் போர்வைக்குள் கொண்டுபோய் இந்தக் குரலைக் கேட்டாராம். ஒரு சொல்லும் விளங்காதாம். குரல் ஏறினால் நான்கு ஓட்டம், நின்றால் விக்கெட் என்று கணக்கு வைத்திருந்தாராம். கேட்டுக்கேட்டு அதே மாதிரிப் பேசப் பழகினாராம்.

“இஞ்சை வந்து டாக்ஸி ஓடத் தொடங்கின புதுசில ஒரு வெள்ளைக்காரன் கேட்டான், நீ அவுஸ்திரேலியாவோ எண்டு. இந்த நாட்டில என்னை ஒரு ஆளா மதிச்சுக் கேட்ட முதல் கேள்வி அது. அதுக்கு நான் ஆருக்கு நன்றி சொல்லுறது எண்டு தெரியாமல் இருந்தன்.”

கடைசி வரி, ‘அன்னாரின் ஆத்மா சாந்தியடையப் பிரார்த்திக்கிறேன்.’ அந்த இடத்தில் நான் தடுமாறினேன்.

“என்ன சொன்னார்?” என்றார் ஹாப்குட்.

“உங்கள் ஆத்மா அமைதியாக இருக்கவேண்டுமாம்.”

“ஒரு தேத்தண்ணி கிடைத்தால் இருக்கும்” என்றார். கைக்குட்டையை எடுத்து முகம் முழுவதையும் துடைத்தார். பிறகு சிவநேசன் அண்ணையைக் கட்டிப்பிடித்தார்.

ஆட்டம் நடந்தது. நாங்கள் பக்கத்தில் பக்கத்தில் இருந்து வர்ணனையும் செய்தோம். முதல் விக்கெட் விழுந்ததும் நான், “வட்டுக்கோட்டையைப் பிறப்பிடமாகக் கொண்ட ஆரம்பத் துடுப்பாட்டக்காரர் சற்றுமுன் ஆட்டமிழந்தார்” என்றேன். தமிழ் தெரியாத ஹாப்குட் என் சோகக் குரலைக் கேட்டுப் பதறிப்போய்த் தொலைநோக்கியைத் தூக்கி, “யாருக்காவது அடிபட்டுவிட்டதா?” என்று கேட்டார். விளையாட்டு நிகழ்ச்சி பிறகு பல்கலைக்கழகத்தில் படிக்கும் ஒரு பொடியனுக்குப் போனது. நியாயம்தான். ஹெலன் என்னை வேலையால் நிற்பாட்டவில்லை. சாப்பாடு நின்றதில் மட்டும் அவருக்குக் கவலை இருந்தது.

வீட்டில்தான் விடுதலை இல்லை. நான் வேலையால் வெளிக்கிட்டு, “வாறன்” என்று போன் பண்ணினால் சுமதி, “எத்தினை மணிக்குப் பார்வைக்கு வைக்கிறது?” என்பாள். மகளின் கலியாணத்துக்கு வரவேற்புரை பேச எழுந்தேன். அவள் பிரெஞ்சுக்காரச் சிநேகிதிகளின் முன்னாலேயே, “அப்பா, உயிரோட இருக்கிற ஆக்களைப் பற்றி நீங்கள் கதைக்கவேண்டாம்” என்று என் சட்டையைப் பிடித்து இருத்திவிட்டாள்.

சில வருடங்களுக்கு முன் ஹெலன் போன் பண்ணினார். அப்பா மெல்பேர்னில் போய்விட்டார் என்றார். மொன்றியலில் குகன் வாசிக்கவேண்டும், அதே மாதிரி வாசிக்கவேண்டும் என்று சொல்லிவைத்திருந்தாராம். நான் வாசித்தேன். அடிலெய்டைப் பிறப்பிடமாகவும் என்று தொடங்கி, அதே புல்லாங்குழலோடு. இந்த முறை ‘காலமானார்’ என்றும் தெளிவாகச் சொன்னேன். உடனே தொலைபேசி மணி அடித்தது.

“குகன், திருப்பியும் தொடங்கிட்டீரோ? மட்ச் எங்கை?” என்று ஒருவர் விழுந்து விழுந்து சிரித்தார். அடுத்தவரும் அதையே கேட்டார். எத்தனை சொல்லியும் ஒருவரும் நம்பவில்லை.

கடைசியாக வந்தது சிவநேசன் அண்ணையின் குரல்.

“மெய்யாவோ தம்பி?”

“மெய்தான் அண்ணை.”

அந்தப் பக்கம் டாக்ஸியை ஓரம் கட்டி நிற்பாட்டும் சத்தம் கேட்டது.

“சரி” என்றார். “நான் வாசிக்கவேண்டியதை அவருக்கு அண்டைக்கே வாசிச்சிட்டன்.”