டிரம்பெட்டுகளுக்கு நான் செய்த திருத்தம்

வீட்டில் முதலில் படித்தவனுக்கு ஒரு வியாதி வரும்: எதைக் கண்டாலும் திருத்துவது. எனக்கு அது பன்னிரண்டு வயதிலேயே வந்துவிட்டது.

அப்பாவுக்கும் அம்மாவுக்கும் எழுத வாசிக்கத் தெரியாது. ஜேர்மனியின் பீலெஃபெல்ட் நகரில் எங்கள் வீட்டிலிருந்து போகும் ஒவ்வொரு அன்ட்ராக்கையும் (விண்ணப்பப் படிவம்தான், வீட்டில் யாரும் அப்படிச் சொன்னதில்லை) நான்தான் நிரப்புவேன். அப்பா திகதிகளைப் பிழையாகச் சொல்வார். பெரியவர்களை முகத்துக்கு நேரே மறுக்கக்கூடாது என்பதால், "ஓம் அப்பா" என்று தலையாட்டிவிட்டுச் சரியானதை எழுதுவேன். யாருக்கும் மனவருத்தமில்லை. இந்த உத்தி இருபது வயதுவரை கைகொடுத்தது.

அப்பா ஓர் இசைப்பள்ளியில் துப்புரவு வேலை செய்தார். அங்கே வந்துபோன டெனிஸ் என்ற ஆங்கிலேய முதியவருக்கு, கையால் எழுதிய இசைத்தாள்களைக் கணினியில் ஏற்றித்தர ஆள் தேவைப்பட்டது. தன் மகன் தேவாலயத்தில் கீபோர்டு வாசிக்கிறான், கணினியும் படிக்கிறான் என்று அப்பா தனக்குத் தெரிந்த நாற்பது ஜேர்மன் சொற்களில் முப்பதைச் செலவழித்துச் சொல்லி, அந்த வேலையை எனக்கு வாங்கித் தந்தார்.

டெனிஸ் லண்டனில் பாப் பாடல்களுக்கு வாத்திய ஒழுங்கு எழுதியவர். யாரோ மெட்டுப் போடுவார்கள். வயலின் எங்கே நுழையும், டிரம்பெட் எங்கே ஊதும் என்று இவர் எழுதுவார். இசைத்தட்டின் உறையில் பாடகரின் படம் இருக்கும். இவர் பெயர் இருக்காது. ஒரு பெட்டி நிறைய இசைத்தட்டுகளைத் தந்து தேடிப் பார்க்கச் சொன்னார். தேடினேன், இல்லைதான். சொந்தமாகவும் பாட்டுகள் எழுதினாராம், யாரும் எடுக்கவில்லை. எழுபத்திநான்கு வயதில், மனைவியின் ஊரான இங்கே, ஓர் இசைக்குழு அவருடைய பாட்டு ஒன்றைக் கோடைக் கச்சேரியில் வாசிக்க ஒப்புக்கொண்டிருந்தது.

தாள்களைப் பார்த்த எனக்குத் துக்கமாகிவிட்டது. வயலின் வாசிக்கும் அதே மெட்டை டிரம்பெட்டுக்கும் கிளாரினெட்டுக்கும் ஒரு சுரம் மேலே தள்ளி எழுதியிருந்தார், முதல் பக்கத்திலிருந்து கடைசிவரை. பாவம், கண் போய்விட்டது. எல்லோருக்கும் ஒரே சுருதி என்பது எங்கள் தேவாலயப் பாடகர் குழுவின் கடைசி வரிசைக்கே தெரியுமே. வழக்கம்போல ஒன்றும் சொல்லாமல், மூன்று நாள் இருந்து எல்லாவற்றையும் ஒரு சுரம் கீழே இறக்கினேன். (அவை தாமாகவே ஒரு சுரம் கீழே ஒலிக்கும் வாத்தியங்கள், அதனால்தான் உலகம் முழுவதும் மேலே தள்ளி எழுதுகிறார்கள் என்பது அப்போது எனக்குத் தெரியாது. கீபோர்டு அப்படியெல்லாம் துரோகம் செய்வதில்லை.)

கச்சேரி நாள் காலையில் ஒரேயொரு ஒத்திகை. பெருமையைப் பார்க்கட்டும் என்று அப்பாவையும் கூட்டிப் போயிருந்தேன். வயலின்கள் அழகாகத் தொடங்கின. பிறகு டிரம்பெட்டுகள் நுழைந்தன. ஒரே தெருவில் இரண்டு கலியாண வீடு, இரண்டிலும் ஒரே பாட்டு, ஒன்றின் ஒலிபெருக்கிக்கு மட்டும் காய்ச்சல். இசைக்குழுவின் நடத்துனர் நிறுத்தி மறுபடி தொடங்கினார். காய்ச்சல் குறையவில்லை.

அப்பா என் பக்கம் குனிந்தார். "தம்பி, இது இப்பிடித்தானோ?"

டெனிஸ் மேடையேறி டிரம்பெட்காரரின் தாளைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

"இதை யார் மாற்றியது?"

"நான்தான். உங்கள் பிழையைச் சொன்னால் வருந்துவீர்கள் என்று சொல்லவில்லை."

நாற்பது பேர் கேட்டுக்கொண்டிருந்தார்கள். கிளாரினெட் வாசிக்கும் பெண் வாயைப் பொத்திக்கொண்டாள். திரும்ப அச்சடித்து ஒத்திகை பார்க்க நேரமில்லை, இந்தப் பாட்டை விட்டுவிடலாம் என்றார் நடத்துனர். டெனிஸ் உட்கார்ந்துவிட்டார். தன் தாள்களை ஒவ்வொன்றாக அடுக்கிப் பைக்குள் வைக்கத் தொடங்கினார். அதை மட்டும் இன்றுவரை என்னால் வேடிக்கையாகச் சொல்ல முடியவில்லை.

சற்றுக் கழித்து எழுந்து, ஊதுகிறவர்கள் சும்மா இருக்கட்டும், வயலின்கள் மட்டும் வாசிக்கட்டும் என்றார். வாசித்தார்கள். நடத்துனர் கடிகாரம் பார்ப்பதை நிறுத்தினார். மாலையிலும் அப்படியே வாசித்தார்கள். கைதட்டல் ஓயாததால் டெனிஸ் இருமுறை மேடையேறினார்.

இறங்கி வந்தவர் நிகழ்ச்சித்தாளில் ஏதோ எழுதி என்னிடம் நீட்டினார். 'பாடலும் வாத்திய ஒழுங்கும்: டெனிஸ்' என்று அச்சாகியிருந்தது. 'வாத்திய ஒழுங்கு' என்பதை அடித்து, பக்கத்தில் என் பெயரை எழுதியிருந்தார்.

"டிரம்பெட்டை நிறுத்தியது நீதானே," என்றார். "பெயர் விடுபடுவது எப்படியிருக்கும் என்று எனக்குத் தெரியும்."

அந்தத் தாளுக்கு அப்பா கண்ணாடிச் சட்டம் போட்டு வரவேற்பறையில் மாட்டிவிட்டார். எழுத்துத் தெரியாவிட்டாலும் என் பெயர் இருக்கும் இடம் தெரியும். வருபவர்களுக்கு விரல் வைத்துக் காட்டுவார். "வெள்ளைக்காரரின்ர பாட்டையே திருத்தினவன்."

ஆனால் என்னிடம் படிவம் நீட்டும்போது மட்டும் அவர் பேச்சு வேறு.

"நான் சொல்லுறதை மட்டும் எழுது, தம்பி. டிரம்பெட்காரர் பாவம்."