எண்ணூர் பங்களாவும் உப்பில்லாத இறால் குழம்பும்

இதை எழுதவே வேண்டாம் என்றுதான் இருந்தேன். பேனாவை எடுத்தேன், வைத்தேன், வெற்றிலை போட்டேன், மறுபடி எடுத்தேன். பள்ளிக்கூடத்துக்கும் எனக்கும் இருந்த உறவு ஆறாம் வகுப்போடு அறுந்துபோனது (யார் அறுத்தது என்பதில் எனக்கும் வாத்தியாருக்கும் இன்றுவரை அபிப்பிராய பேதம்). அப்படிப்பட்டவன் எழுதி யார் படிக்கப்போகிறார்கள்? ஆனால் போன தீபாவளிக்கு என் மாமனார் இந்தக் கதையைச் சொன்னபோது நடுவில் ஒரு குதிரைப் போலீஸ் வந்துவிட்டது. இப்படியே விட்டால் அடுத்த தீபாவளிக்குப் பீரங்கி வரும். அதனால் நடந்ததை நடந்தபடி எழுதிவிடுகிறேன்.

அப்போது அவர் எனக்கு மாமனார் இல்லை. எங்கள் ராயபுரம் தெருவில் எல்லாருக்கும் அவர் டஃபேதார். துறைமுக ஆபீசில் பெரிய துரையின் அறைக்கு வெளியே சிவப்புத் தலைப்பாகையும், மார்பில் குறுக்குப் பட்டையும், அதில் பளபளவென்று ஒரு வில்லையுமாக நிற்கும் உத்தியோகம். துரை உள்ளே தும்மினால் இவர் வெளியே மூக்கைத் துடைத்துக்கொள்வார். அந்த வருஷம் அவருக்குப் பென்ஷன் வரவேண்டும். அதுவரை தெருவில் இரண்டு நாய் சண்டை போட்டால்கூட முகத்தைத் திருப்பிக்கொள்வார். சாட்சிக்குக் கூப்பிட்டுவிடுவார்களாம்.

காலமும் அப்படி இருந்தது. கதர்க் குல்லா போட்டவர்கள் கூட்டம் கூட்டமாகக் கடற்கரைக்குப் போய் உப்பு அள்ளி, அடி வாங்கி, ஜெயிலுக்குப் போய்க்கொண்டிருந்த கோடை. கரையில் கிடக்கிற உப்பில் ஒரு பிடி அள்ளினாலும் சர்க்காருக்கு விரோதம். டஃபேதார் அந்த நாட்களில் உப்பு என்ற சொல்லையே உச்சரிப்பதில்லை. மளிகைக் கடையில் போய், "அது ஒரு படி குடு" என்பார். கடைக்காரரும் புரிந்துகொண்டு அதைக் கொடுப்பார்.

நான் திருவொற்றியூர் தீப்பெட்டி ஃபேக்டரியில் குச்சி அடுக்கிக்கொண்டிருந்தேன். என் கண் டஃபேதார் மகள் ராஜம்மா மேல். அவள் அதுவரை என்னிடம் பேசியது ஒரே ஒரு வாக்கியம்: "இன்னா பாக்கற, வேல இல்ல?"

டஃபேதாருக்கு ஒரு பெருமை உண்டு. அவருடைய பாட்டனார் எண்ணூரில் கழிமுகத்துக்கு அந்தப் பக்கம் இருந்த ஒரு துரை பங்களாவில் டஃபேதாராக இருந்தவராம். துரை செத்து, பங்களா இடிந்து, ஆடு மேய்கிற இடமாகி வெகுகாலம். பென்ஷன் வாங்குவதற்குள் அதை ஒரு தடவை கண்ணால் பார்த்துவிட வேண்டும் என்று அவருக்கு ஆசை. டீக்கடையில் இதைச் சொல்லிப் பெருமூச்சு விட்டார். எனக்கு வாய் சும்மா இருக்குமா?

"அந்த பங்களா எனுக்கு தலகீழ் பாடம் மாமா. எந்த செங்கல்ல வேணா கேளுங்க, எம் பேர சொல்லும்."

"நெசமாவாடா?"

"நாயித்துக்கிழம கூட்டிகினு போறேன். அத்தையும் ராஜம்மாவும் வரட்டும். வழி காட்றது, சரித்திரம் சொல்றது, சாப்பாட்டு மூட்ட தூக்கறது, அல்லாம் நம்ம பொறுப்பு."

டஃபேதார் என்னை மேலும் கீழும் பார்த்தார். "ஒன் நோக்கம் எனுக்கு தெரியும். ஒரு நாள் முச்சூடும் ஒன்ன பாக்கறேன். பொறுப்பான புள்ளன்னு பட்டா, அப்பால கல்யாணத்த பத்தி பேசுவோம்."

நான் அதுவரை எண்ணூருக்குப் போனது ஒரே தடவை. அதுவும் திருவொற்றியூரில் இறங்காமல் ரயிலில் தூங்கிப்போனதால்.

ஞாயிற்றுக்கிழமை ரயிலேறினோம். துணைக்கு என் சிநேகிதன் தேசிங்கு, மடி நிறைய பச்சை மாங்காயோடு வந்துவிட்டான். காத்திவாக்கத்தில் இறால் வாங்கிக்கொண்டு, முகத்துவாரக்குப்பத்தில் படகு பிடித்தோம். படகில் எனக்கு முன்பக்கம் இடம். வழிகாட்டி அல்லவா? சட்டி, அரிசி, இறால், மிளகாய், புளி எல்லாம் பின்பக்கம் தேசிங்கு காலடியில்.

அத்தை ஒரு இலைப் பொட்டலத்தை மட்டும் என் கையில் கொடுத்தாள். "சிங்காரம், உப்பு. இத்த பத்தரமா வெச்சிக்கோ. இது இல்லாட்டி உங்க மாமா சோத்துல கைய வெக்கமாட்டாரு."

"அந்த பேர ஒரக்க சொல்லாத" என்றார் டஃபேதார், நாலு திசையும் பார்த்து.

பொட்டலத்தைப் பின்பக்கம் இருந்த மூட்டைக்கு மேல் வைத்துவிட்டு, எழுந்து நின்று கையை நீட்டி நீட்டிச் சரித்திரம் சொன்னேன். தேசிங்கு மாங்காய் கடித்துக்கொண்டு தலையாட்டினான். வெயில் மண்டையைப் பிளந்தது. தலைப்பாகை சர்க்கார் சொத்து என்று டஃபேதார் வீட்டில் வைத்துவிட்டு வந்திருந்தார். நான் அவருடைய வெள்ளைத் துண்டை வாங்கி, காகிதக் கப்பல் மாதிரி நீளமாக மடித்து, அவர் தலையில் கவிழ்த்தேன். எடுப்பாக இருந்தது. யாரைப் போலவோ இருக்கிறாரே என்று தோன்றியது. யாரைப் போல என்று யோசிக்கவில்லை. (யோசித்திருந்தால் இந்தக் கட்டுரை இல்லை.)

பங்களா என்பது நாலு அரைச் சுவர், ஒரு படிக்கட்டு, நிறைய ஆட்டுப் புழுக்கை. எனக்கு முதல் அதிர்ச்சி அங்கேதான். இதில் எதைக் காட்டி என்ன சொல்வது? ஆனாலும் விடவில்லை. இது துரை பியானோ வாசித்த ஹால், இது துரைசாணி கோபித்துக்கொண்டு படுத்த அறை என்று அடித்துவிட்டேன். மூலையில் கொஞ்சம் உயரமாக ஒரு மேடை இருந்தது. "மாமா, உங்க பாட்டன் நின்னுகினு சலாம் போட்ட எடம் இதான்" என்றேன்.

டஃபேதார் செருப்பைக் கழற்றினார். மேடை மேல் ஏறி நிமிர்ந்து நின்று, சுவருக்கு ஒரு சலாம் வைத்தார். கண்ணில் தண்ணீர். நானும் செருப்பைக் கழற்றினேன்.

ராஜம்மா மேடையைச் சுற்றி வந்து குனிந்து பார்த்தாள். "நைனா, கீழ எறங்கு. நடுவுல ஓட்ட கீது. இது கக்கூசு."

சலாம் வைத்த கை அப்படியே நின்றது. அவர் இறங்கி, செருப்பை மாட்டி, என்னைப் பார்க்காமல் சொன்னார்: "சாப்ட்டு கெளம்பலாம்."

இனிமேல் சாப்பாடுதான் என்னைக் காப்பாற்ற வேண்டும். அத்தை மூன்று செங்கல் கூட்டி அடுப்பு மூட்டினாள். இறால் குழம்பு கொதித்து மணம் வந்தபோது, "அந்த பொட்டலத்த குடு" என்றாள். மூட்டையைப் பிரித்தேன். இலை இருந்தது, நனைந்து. உள்ளே ஒன்றுமில்லை. படகின் அடியில் தண்ணீர் கசிந்து நின்றது நினைவுக்கு வந்தது. பொட்டலம் அதில் விழுந்து உப்பு கரைந்துவிட்டது என்று புரிந்தது.

டஃபேதார் ஒரு வாய் வைத்தார். கையை உதறினார். "பொறுப்பு" என்று மட்டும் சொன்னார்.

கல்யாணம் கண்முன்னால் கழிமுகத்தில் மிதந்து போய்க்கொண்டிருந்தது. திரும்பிப் பார்த்தேன். கரையோரப் பள்ளங்களில் தண்ணீர் வற்றி, வெள்ளை வெளேரென்று உப்பு பூத்துக் கிடந்தது. சத்தியமாகச் சொல்கிறேன், எனக்குச் சர்க்காரும் ஞாபகம் வரவில்லை, சுயராஜ்யமும் ஞாபகம் வரவில்லை. குழம்புதான் ஞாபகம் வந்தது. கொட்டாங்கச்சியை எடுத்துக்கொண்டு ஓடிச் சுரண்டினேன்.

டஃபேதார் தூரத்திலிருந்து பார்த்துக்கொண்டே இருந்தார். பசி ஒரு பக்கம். எந்த வேலையையும் ஒழுங்காகச் செய்யாவிட்டால் பார்த்துக்கொண்டிருக்க முடியாத சுபாவம் ஒரு பக்கம். எழுந்து வந்துவிட்டார்.

"டேய், மண்ண வாரிகினு கீறடா. மேலாக்க எடுக்கணும். இப்டி." முட்டி போட்டு, இரண்டு கையாலும் நுரை வழிக்கிற மாதிரி பதமாக வழித்து, வெயிலில் தூக்கிக் காட்டினார். "பாரு, எப்டி கீது."

தாழம்புதரிலிருந்து மூன்று சேவகர்கள் எழுந்தார்கள். உப்பு இலாகா ஆட்கள். அன்றைக்கு அந்தக் கரைக்குத் தொண்டர் படை வருவதாகத் தகவல் கேட்டுக் காலையிலிருந்து பதுங்கியிருந்தார்களாம். அவர்கள் கண்ணுக்கு என்ன தெரியும்? வெள்ளை வேட்டி, தலையில் வெள்ளைக் குல்லா, முட்டி போட்டு இரண்டு கையிலும் உப்பைத் தூக்கிப் பிடித்திருக்கும் பெரியவர்.

கழியில் வலை போட்டுக்கொண்டிருந்த கட்டுமரங்களிலிருந்து "வந்தே மாதரம்" என்று ஒரு குரல் வந்தது. பிறகு பத்துக் குரல்.

"நானு டஃபேதாருப்பா" என்றார் டஃபேதார், வெலவெலத்து. "ஹார்பர் ஆபீசு டஃபேதாரு. சர்க்கார் ஆளு."

உண்மை ஒரு மனிதனை இவ்வளவு கெடுத்து நான் பார்த்ததில்லை. கட்டுமரத்திலிருந்து ஒருவர் கத்தினார்: "கேட்டுக்குங்கடா, டஃபேதாரு வேலைய உதறிட்டு வந்துகீறாரு."

எங்களைப் படகில் ஏற்றி இக்கரையில் இருந்த உப்பு இலாகா காவல் சௌக்கிக்குக் கொண்டுபோனார்கள். பின்னால் குப்பமே வந்தது. இரண்டு பெண்கள் டஃபேதாருக்கு ஆரத்தி எடுத்தார்கள். யாரோ சாமிக்கு வைத்திருந்த மாலையைக் கழுத்தில் போட்டார்கள். "ஐயோ, என் பென்ஷன்" என்று அவர் அழுதார். "பென்ஷனையும் வேணாம்ட்டாரு" என்று கூட்டம் இன்னும் பலமாகக் கோஷம் போட்டது.

சௌக்கியில் பெரிய மீசையோடு ஒரு இன்ஸ்பெக்டர். "உங்களில் தலைவர் யார்?" என்றார்.

அத்தை கையோடு தூக்கி வந்த குழம்புச் சட்டியை அவர் மேஜை மேல் டொக்கென்று வைத்தாள். "தலைவரும் இல்ல, ஒண்ணியும் இல்ல சாமி. கொழம்புக்கு உப்பு இல்ல. அவ்ளோதான் கத. நம்பாட்டி வாயில வெச்சி பாருங்க."

டஃபேதாருடைய இத்தனை வருஷ உத்தியோகமும் அந்தச் சட்டியில் இருந்தது. இன்ஸ்பெக்டர் உள்ளங்கையில் இரண்டு சொட்டு விட்டு நக்கினார். மீசை ஒரு பக்கமாகக் கோணிக்கொண்டது. சேவகர்களைத் திரும்பிப் பார்த்தார்.

"விட்டுடுங்கய்யா. இவர்கள் பாவப்பட்ட ஜனங்கள்."

பிறகு, "இவர்களை இங்கே கூட்டிவந்த முட்டாள் யார்?" என்றார்.

ராஜம்மா என்னைப் பார்த்து விரலை நீட்டினாள். நாலு பேர் முன்னால் அவள் என்னைத் தன்னோடு சம்பந்தப்படுத்திக்கொண்டது அதுதான் முதல் தடவை. தேசிங்குவும் பாதி மாங்காயை நீட்டி என்னையே காட்டினான். அள்ளிய உப்பைத் திரும்பக் கொண்டுபோய் எடுத்த பள்ளத்திலேயே கொட்ட வைத்தார்கள். கொட்டக் குனிந்தபோது பின்னால் ஒரு தடியடி விழுந்தது. எங்கே என்று எழுதமாட்டேன். இரண்டு வாரம் நின்றுகொண்டே குச்சி அடுக்கினேன்.

மறுநாள் துறைமுக ஆபீசெல்லாம் அதே பேச்சு. எண்ணூரில் எவனோ ஒரு டஃபேதார் சர்க்காருக்கு எதிராகக் கிளம்பிவிட்டானாம். எங்கள் டஃபேதார் என்ன செய்வார்? பகல் முழுக்கத் துரை காதில் விழும்படி, "எவன் அந்த சோமாரி, நன்றி கெட்டவன், அவன் மூஞ்சில முழிக்கக்கூடாது" என்று தன்னைத்தானே திட்டிக்கொண்டே இருந்தார். தொண்டை கட்டிக்கொண்டது. பென்ஷன் பத்திரமாக வந்தது.

வந்த மறுநாளே அவர் கதர்க் குல்லா வாங்கினார்.

அதிலிருந்து டீக்கடையில் உட்கார்ந்து, எண்ணூர்க் கரையில் தான் அஞ்சாமல் உப்பு அள்ளிய கதையைச் சொல்ல ஆரம்பித்தார். யாரும் நம்பவில்லை. ஒரு நாள் என் வீட்டுக்கு வந்து நின்றார். "சிங்காரம், அன்னிக்கு கூட இருந்தவன் நீதான். நான் சொல்லசொல்ல பக்கத்துல குந்திகினு ஆமான்னு சொல்ல ஒரு ஆளு வேணும். ராஜம்மாவ கட்டிக்கறியா?"

இப்படியாக, சாட்சிக்குப் பயந்த மனிதர் ஒரு சாட்சிக்காகப் பெண் கொடுத்தார். மாப்பிள்ளை விருந்தில் எனக்கு இலை போட்டு, இறால் குழம்பு ஊற்றினார்கள். உப்பில்லை. வீடே சிரித்தது. இன்றைக்கும் நல்ல நாள் கிழமை என்றால் எனக்கு முதல் கரண்டி உப்பில்லாமல்தான். ராஜம்மா உப்புச் சாடியைத் தொடக்கூட விடமாட்டாள். "நீ தொடாத. கரஞ்சி பூடும்" என்பாள்.

நேற்று இவ்வளவையும் தேசிங்குவுக்குப் படித்துக் காட்டினேன். எங்கேயும் சிரிக்காமல் கேட்டான். இலைப் பொட்டலம் தண்ணீரில் விழுந்த இடம் வந்தபோது மட்டும், மறுபடி படி என்றான். மறுபடி படித்தேன். கழுத்தைச் சொறிந்துகொண்டு சொன்னான்:

"அது தண்ணில கரையல மாமு, மாங்காக்கு தொட்டுகினு நான்தான் துன்னேன்."