ஹோல்டு சாரும் நூற்றுத் தொண்ணூற்றொன்பது பிரதிகளும்

பெங்களூரில் புத்தகங்களுக்கு அதிகக் கேடு செய்தவை மூன்று: கரையான், மழை, ஹோல்டு சார். முதல் இரண்டும் புத்தகத்தின் உள்ளே போயாவது பார்த்திருக்கின்றன.

அவர் முன்னாள் ஷேர் புரோக்கர். வாங்கலாமா, விற்கலாமா என்று யார் கேட்டாலும் "ஹோல்டு பண்ணு" என்பார். வாட்ச்மேன் மகள் கல்யாணத்துக்கு லீவு கேட்டபோதும் அதையேதான் சொன்னாராம். கல்யாணம் நிற்கவில்லை, பெயர் நின்றுவிட்டது.

புரோக்கர் தொழிலை மூடிவிட்டு, காக்ஸ் டவுனில் ஒரு மாடியை வாடகைக்குப் பிடித்து, ஒரே நேரத்தில் பதிப்பாளர், அரிய நூல் சேகரிப்பாளர், கொடைவள்ளல் என்று மூன்று விசிட்டிங் கார்டு அடித்துக்கொண்டார். என் ஐ.டி. கம்பெனி என்னை வீட்டுக்கு அனுப்பியிருந்த சமயம் அது. அவருடைய புத்தகங்களுக்கு டேட்டாபேஸ் தயாரிக்க ஆறு மாதக் கான்ட்ராக்டில் சேர்ந்தேன்.

ஒவ்வொரு புத்தகத்திலும் மூன்று பிரதி வாங்குவார். ஒன்று வைத்துக்கொள்ள. இன்னொன்று, அது தொலைந்தால் வைத்துக்கொள்ள. மூன்றாவது, வேறு யாருக்கும் கிடைக்காமலிருக்க. என் பட்டியலில் 'படித்தாரா' என்று ஒரு கட்டம் போட்டிருந்தேன். இரண்டே நாளில் எடுத்துவிட்டேன். எல்லா வரியிலும் ஒரே பதில் வருமென்றால் அந்தக் கட்டம் எதற்கு?

கொடையும் இதே லட்சணம்தான். ஜீவனஹள்ளியில் படிப்பகம் திறந்தார். அலமாரிகளுக்குப் பூட்டு, சாவி இவர் பாக்கெட்டில். புத்தகத்தைத் தொட வேண்டுமென்றால் வெள்ளைக் கையுறை போட வேண்டும். அக்கம்பக்கத்தார் வந்து ஃபேனுக்கடியில் உட்கார்ந்து செல்போன் சார்ஜ் போட்டுக்கொண்டு போனார்கள். படிப்பகம் நன்றாக நடக்கிறது என்று பெருமைப்பட்டார்.

அவருடைய உச்சகட்டச் சாதனை பதிப்பகத்தில்தான். கம்பெனிகள் தங்கள் ஷேரைத் தாங்களே திரும்ப வாங்கினால் மிச்சமிருக்கும் ஷேருக்கு மதிப்பு கூடும் அல்லவா? அதைப் புத்தகத்துக்குச் செய்தார். இருநூறு பிரதி அடிப்பார், மைசூர் பாக் கொடுத்து வெளியிடுவார், மறுநாளிலிருந்து கடை கடையாக ஆளனுப்பி எல்லாவற்றையும் திரும்ப வாங்குவார். "அபூர்வப் புத்தகம் தேடி அலையறது பழைய ஸ்டைல்மா. நாமே தயார் பண்ணணும்."

இப்படித் தயாரானவற்றில் ஒன்று டெய்ஸி ஆன்ட்டியின் புத்தகம். ரிச்சர்ட்ஸ் டவுன்காரர், டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் ஆபரேட்டராக இருந்து ரிட்டயர் ஆனவர். கூட வேலை பார்த்த பெண்களைப் பற்றி அவர் வாழ்நாளில் எழுதிய ஒரே புத்தகம். அவருக்குக் கொடுத்த பிரதிகளைக்கூட, பைண்டிங் சரியில்லை, மாற்றித் தருகிறேன் என்று சொல்லிச் சார் திரும்ப வாங்கிவந்துவிட்டார். ஆன்ட்டி போன் செய்யும்போதெல்லாம் நாங்கள் சொல்ல வேண்டிய பதில்: எல்லாம் விற்றுவிட்டது, ஆன்ட்டி.

முதலில் அவருக்குச் சந்தோஷம். அப்புறம் சந்தேகம். இருநூறு பேர் வாங்கினார்கள் என்றால் ஒருவராவது நல்லதோ கெட்டதோ சொல்ல வேண்டாமா என்று என்னிடம் கேட்டார். ஞாயிற்றுக்கிழமை பழைய ஆபரேட்டர்கள் கூடுகிறார்கள், மிச்சமிருப்பது ஒன்பது பேர், ஒவ்வொருவரும் புத்தகத்தில் இருக்கிறார்கள், வாசித்துக் காட்டுவதாகச் சொல்லியிருக்கிறேன், கையில் ஒன்றுகூட இல்லை என்றார். நான் சாரிடம் சொன்னேன். என்ன பதில் வந்திருக்கும் என்று உங்களுக்கே தெரியும்.

அந்த வாரம்தான் சிவாஜிநகர் பழைய புத்தகக் கடை பாய் போன் செய்தார். அதே புத்தகத்தில் ஒரு பிரதி வந்திருக்கிறது, ஆனால் இன்னொரு பார்ட்டியும் கேட்கிறது. சார் விலையை ஏற்றினார். மறுநாள் அந்தப் பார்ட்டியும் ஏற்றியது. மூன்று நாள் இப்படியே போனது. சார் மாடியில் குறுக்கும் நெடுக்கும் நடந்தார்.

"பாத்தியாம்மா? இதோட மதிப்பை மார்க்கெட் கண்டுபிடிச்சிடுச்சு."

நான்காம் நாள் நேரிலேயே முடித்துவிடலாம் என்று லேப்டாப்போடு என்னையும் இழுத்துக்கொண்டு போனார். கடை வாசலில் குடையும் கைப்பையுமாக டெய்ஸி ஆன்ட்டி நின்றிருந்தார்.

"இவங்கதான் சார் அந்தப் பார்ட்டி," என்றார் பாய்.

ஆன்ட்டி சாரையே பார்த்தார். "மூணு நாளா ஏத்திவிட்டது நீங்கதானா? நான் எழுதுனதை நான் வாங்க செயினை அடகு வைக்கணும்போல இருக்கே."

"டிமாண்ட் மேடம்," என்றார் சார். "எல்லாம் வித்துப்போச்சில்ல."

"யார் வாங்குனாங்க?"

சார் என்னைப் பார்த்தார். அந்த ஆறு மாதத்தில் பட்டியலை யாரும் வாய்விட்டுப் படிக்கச் சொன்னதில்லை. லேப்டாப்பைத் திறந்து படித்தேன். மொத்தப் பிரதிகள், இருநூறு. நம் ஸ்டோர் ரூமில், நூற்றுத் தொண்ணூற்றொன்பது. பாய் கையில், ஒன்று.

ஆன்ட்டி கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால் சார் சமாளித்திருப்பார்.

"சரி, நீங்களாவது படிச்சீங்களா சார்?"

சார் பர்ஸைத் திறந்தார். பாய் புத்தகத்தை ஆன்ட்டி கையில் கொடுத்துவிட்டார்.

அன்று மத்தியானம் ஸ்டோர் ரூமில் ஒரு பிரதியின் பிளாஸ்டிக் உறையைச் சார் பல்லால் கிழித்துக்கொண்டிருந்தார். மார்க்கெட் மூடும் நேரம் தாண்டியும் வெளியே வரவில்லை. நடுவில் ஒருமுறை சிரிப்புச் சத்தம் கேட்டது. வாட்ச்மேன் பயந்துபோய் என்னைக் கூப்பிட்டார்.

ஞாயிற்றுக்கிழமை அட்டைப்பெட்டிகள் ஆன்ட்டி வீட்டுக்குப் போயின. ஒன்பது பேரும் அவரவர் அத்தியாயத்தைச் சத்தமாக வாசித்தார்கள். மீதிப் பெட்டிகள் ஜீவனஹள்ளிக்குப் போயின, பூட்டும் கையுறையும் இல்லாமல். சார் தப்பை ஒப்புக்கொண்டார் என்று நினைத்துவிடாதீர்கள். "மார்க்கெட்டுக்கு லிக்விடிட்டி வேணும்மா, சரக்கு கைமாறணும், ஆய்த்து," என்று கன்னடத்தில் முடித்துவிட்டார்.

அந்தச் சிவாஜிநகர் பிரதியில் ஆன்ட்டி கையெழுத்துப் போட்டு எனக்குக் கொடுத்தார். கையெழுத்துள்ள ஒரே பிரதி. சாருக்குத் தெரிந்துவிட்டது. திருந்திய மனிதர் செய்கிற காரியமா பாருங்கள், நான் வேறு கம்பெனியில் சேர்ந்த பிறகும் மாதாமாதம் முதல் தேதி போன் செய்து, என்ன விலைக்குக் கொடுப்பாய் என்று கேட்கிறார்.

நானும் ஒவ்வொரு தடவையும் அவரால் கொடுக்க முடியாத விலையாகப் பார்த்துச் சொல்கிறேன். விற்றுவிட்டால் அப்புறம் எதற்குக் கூப்பிடப் போகிறார்?