முகில் மாஸ்டர் எடுக்காத தாலி

எனக்கு எழுபத்தெட்டு வயது. ஆறு பிள்ளைகளை வளர்த்தேன். ஒன்றும் சோடை போகவில்லை. அந்த ஆறும் சேர்ந்து தந்த தலையிடியை விட, கொலோனில் எங்கள் மேல்மாடியில் இருந்த ஒரு ஜப்பான்காரர் தனியாளாகத் தந்தது பெரிது.

சினிமாவுக்குக் கமரா பிடித்தவர். ஏதோ படம் எடுக்க ஜேர்மனிக்கு வந்து, இங்கேயே கலியாணம் கட்டி நின்றுவிட்டார். சினிமா கைவிட்ட பிறகு எங்கள் தமிழ் ஆட்களின் பிறந்தநாள், பெட்டையள் பெரியபிள்ளையாகிற சாமத்தியவீடு என்று எடுத்தார். முகில் விலகி வெளிச்சம் சரியாக விழும்வரை கமராவைத் தொடமாட்டார். கொலோனில் முகில் விலகுகிற நாள் எது? அதனால்தான் முகில் மாஸ்டர்.

என் மூத்த பேரனின் முதல் பிறந்தநாளன்றும், “அக்கா, பொறுங்கோ” என்றார். அவருக்குத் தெரிந்த தமிழ் அவ்வளவுதான். மெழுகுதிரி உருகிக் கேக்கோடு கேக்காகிவிட்டது. பிள்ளை அதன்மேலேயே நித்திரை.

என் கடைக்குட்டியின் கலியாணத்துக்கும் அவர்தான். வீடியோ வந்தது. கெட்டிமேளம் கேட்கிறது, அரிசி பறக்கிறது, தாலியைக் காணவில்லை! அவ்வளவு நேரமும் மண்டபத் தூணுக்குப் பின்னால் நிற்கிற என் மனுசன்.

“தாலி எங்கை மாஸ்டர்? உங்கட கண் எங்கை போனது?”

மகள் ஜேர்மன் பாஷையில் அவரிடம் கேட்டுச் சொன்னாள். “தாலியை எல்லாரும் பாத்தவையாம். அப்பாவை ஒருத்தரும் பாக்கேல்லையாம், அம்மா.”

“இவரை நான் வீட்டிலை நெடுகப் பாக்கிறன்தானே!”

கோபம் ஆறவில்லை. பெண் பிள்ளை வைத்திருக்கிற ஐந்து தாய்மாருக்குப் போன் போட்டேன். “அந்த மனுசனைக் கூப்பிடாதேங்கோ. தாலியை விட்டிட்டுத் தூணை எடுக்கும்.”

அடுத்த கோடைக்கு அவரை ஒருவரும் கூப்பிடவில்லை. பிறகு ஒரு கடையில் வேலைக்கு நின்று பாஸ்போர்ட் படம் எடுத்தார். அங்கே முகிலும் இல்லை. படத்துக்கு ஆட்கள் சிரிக்கவும் கூடாது.

போன வருடம் என் மனுசன் போய்விட்டார். அந்த வீடியோவைத் திரும்பப் போட்டுப் பார்த்தேன். தூணுக்குப் பின்னால் சால்வையால் வாயைப் பொத்திக்கொண்டு அழுகிறார். ஐம்பது வருடம் கூட வாழ்ந்தும் அவர் அழுது நான் கண்டதில்லை. அன்று தாலியைத் தேடிய கண்ணுக்கு அது தெரியவில்லை.

மாஸ்டர் இப்போது முதியோர் இல்லத்தில். கை நடுக்கம்; இனிக் கமரா பிடிக்க ஏலாது. ஞாயிற்றுக்கிழமை பேத்தியோடு போகிறேன்.

பிள்ளை, நான் சொன்னதெல்லாம் எழுதினனியோ? ஒருக்கா வாசி, கேப்பம். அங்கை மாஸ்டருக்கு ஜேர்மன் பாஷையில சத்தமா வாசிக்க வேணும், அவருக்குக் காது மந்தம். நான் கோள் சொன்ன இடத்தை இன்னும் சத்தமா வாசி.