கேத்தில்தலையன் பேசிய பிரஞ்சு

"தம்பி, உந்தக் கேத்தில்தலையன் என்ன சொல்லுறான்?" என்று கேட்டார் சூசைதாசன்.

சிமியோன் கதிரையை முன்னுக்கு இழுத்தான். டிவியில், தலைக்குப் பதில் தேத்தண்ணிக் கேத்தில் வைத்த கோட்டோவிய மனிதன் ஒருவன், தான் நின்ற ஏணியையே மரமரியும் வாளால் அரிந்துகொண்டு கடகடவென்று எதையோ கதைத்தான். பிரான்சில் ஒரு காலத்தில் பிள்ளைகளுக்குக் காட்டிய படமாம். பாரிசிலிருந்து சூசைதாசனின் மகன் வீடியோக் கசெற் அனுப்பியிருந்தான். அதைப் போடும் டெக்கை வாடகைக்கு எடுத்து, குருநகர்ச் சொந்தக்காரரை எல்லாம் கூட்டிவைத்து, விளங்கப்படுத்தச் சிமியோனையும் அழைத்திருந்தார் மனிதர்.

பாரிசில் பதினொரு மாதம் இருந்தவன் என்றுதான் அவர் மகள் அற்புதராணிக்குச் சிமியோனைப் பேசினார்கள். அவள்தான் இன்னும் சம்மதம் சொல்லவில்லை. பாரிசாவது மண்ணாவது! பாரிசுக்கு அனுப்புவதாகச் சொன்ன ஏஜென்சிக்காரன் கொழும்பில் கைவிட்டுவிட, ஊருக்குத் திரும்ப வெட்கப்பட்டு, அந்தப் பதினொரு மாதமும் நீர்கொழும்பு மீன்வாடியில் ஐஸ் உடைத்தவன் அவன். அற்புதராணி மேல் உயிரையே வைத்திருந்தான். இன்று வாய் தடுமாறினால் கல்யாணம் போச்சு.

"வாடகை ஏணியாம் மாமா. சொந்தக்காரன் வந்து கேட்டால் பாதியைக் குடுத்துச் சமாளிக்கப் போறானாம்."

சனம் விழுந்து விழுந்து சிரித்தது. சிமியோனுக்குத் துணிச்சல் வந்துவிட்டது. அடுத்ததாக ஒரு நெட்டைக் கோழி, கடலையே பாய் போலச் சுருட்டிக் கக்கத்தில் வைத்தது.

"மழை வரப்போகுது, கடல் நனைஞ்சிடும், உள்ளுக்கை எடுத்து வைப்பம் எண்டுது."

"அட மாதாவே, சோக்கான கதை!" என்றார் சூசைதாசன். "முதலிலை இருந்து திருப்பிப் போடுங்கோ. மரியநாயகி மச்சாள் இப்பதான் வாறா, அவவும் கேக்கட்டும்."

சிமியோனுக்குத் தான் சொன்னதில் பாதி மறந்துவிட்டது.

"இது... மாமியார் வீட்டு ஏணியாம்."

"முதல் வாடகை ஏணி எண்டீர்?"

"பிரஞ்சுக்காரர் மாமியாரிட்டையும் வாடகைக்குத்தான் எடுப்பினம் மாமா."

சூசைதாசன் தாடையைத் தடவினார். "அப்ப நீரும் கொஞ்சம் பிரஞ்சிலை கதையும் பாப்பம்."

வேறு வழி? கேத்தில்தலையன் சொன்னதை இரண்டு தரம் கேட்டாயிற்று. சிமியோன் எழுந்து நின்று, நெஞ்சை நிமிர்த்தி, கையை ஆட்டி, அதை அப்படியே ஒப்புவித்தான். எல்லாரும் கைதட்டினார்கள். சூசைதாசனுக்குக் கண் கலங்கிவிட்டது.

"என்ரை பெடியனும் அங்கை இப்பிடித்தானே கதைப்பான்," என்றவர், தேத்தண்ணித் தட்டோடு வந்த மகளைப் பார்த்தார். "பிள்ளை, இனியாவது வாயைத் திற. என்ன சொல்லுறாய்?"

அற்புதராணி முதல் கோப்பையைச் சிமியோனிடம் நீட்டினாள்.

"எனக்கு முழுச் சம்மதம் அப்பு. பாரிசு மாப்பிள்ளை எண்டால் என்னை விட்டிட்டுத் திரும்பப் போயிடுவாரெண்டு பயந்துதான், இவர் உண்மையிலை போனவரோ எண்டு பாக்க, பாஷையே இல்லாமல் வெறும் வாய்ச்சத்தம் போடுற படமாப் பாத்து அனுப்பச்சொல்லி அண்ணைக்கு எழுதினனான்!"