மங்காஃபில் ஒரு பிரெஞ்சு நடிகை

நடிக்கத் தெரியாது என்பதற்காகவே நடிகையானவர் உலகத்திலேயே எங்கள் பாரிஸக்கா ஒருவர்தான். அடித்துச் சொல்வேன்.

இரண்டாயிரத்து நாலோ ஐந்தோ, குவைத் மங்காஃபில் ஊருக்குப் பெட்டி அனுப்பும் சின்ன கார்கோ ஆபீஸ். நான் கிளார்க். அங்கே டீ போட்டுக் கூட்டிப் பெருக்குபவர் இந்தப் பாரிஸக்கா, யாழ்ப்பாணத்துக்காரர். சண்டைக் காலத்தில் பாரிஸுக்குத் தப்பிப் போய் ஹோட்டலில் கோப்பை கழுவியவரை, சாப்பிட வந்த டைரக்டர் ஒருவர் படத்தில் போட்டாராம். யாருக்கும் புரியாத படமாக எடுக்கிற கோஷ்டி.

"என்ன ரோல்க்கா?"

"ஒண்டுமில்லைத் தம்பி. கமராவைப் பாத்துக்கொண்டு நிக்கிறது. பதினொரு நிமிசம் நான் கண் இமைக்கேல்லை."

"கதை?"

"அது டைரக்டருக்கே தெரியாது."

தியேட்டரில் பாதிச் சனம் எழுந்து போய்விட்டதாம். மீதி எழுந்து நின்று கைதட்டியதாம். இரண்டாவது படத்தில் உட்கார்ந்துகொண்டு இமைக்கவில்லை. பதவி உயர்வு! மூன்றாவதற்குள் அகதி விண்ணப்பத்தை நிராகரித்து ஊருக்கே அனுப்பிவிட்டார்கள். அங்கிருந்துதான் குவைத். நாங்கள் கேலி செய்தே தீர்த்தோம்.

எனக்கோ எந்நேரமும் வாசல் மேலேயே கண். விசாவில் நான் ஒரு தையல் கடை டெய்லர். வேலை பார்ப்பது இங்கே. பிடிபட்டால் அன்றைக்கே ஊர். வந்து நாலே மாதம், தங்கைக்குக் கல்யாணம் வேறு நிச்சயமாகியிருந்தது.

ஒருநாள் காலை கண்ணாடிக் கதவுக்கு வெளியே சோதனை அதிகாரிகள் இரண்டு பேர். மேஜையில் உட்கார்ந்திருந்த என் தோளை அக்கா தட்டினார்.

"தம்பி, எழும்பி இஞ்சால வாரும். நீர் பெட்டி அனுப்ப வந்த ஆள். அம்மாவின்ர அட்ரஸை எழுதும். நடிக்காதேயும், பயமெண்டாப் பயப்பிடும்."

அட்டைப்பெட்டியில் எழுதினேன். எங்கள் ஊர்ப் பெயரிலேயே இரண்டு எழுத்தை விழுங்கினேன். பெரிய அதிகாரி என் அடையாள அட்டையைப் பார்த்து, "டெய்லர்?" என்றார். தலையாட்டினேன். பிழைத்தேன் என்று நினைத்த நொடியில், சட்டைக் கையில் தொங்கிய பட்டனை நீட்டினார்.

"அச்சா. யே பட்டன்... யல்லா, ஜல்தி!" என்று இந்தியும் அரபியும் கலந்து, சீக்கிரம் தைத்துத் தரச் சொன்னார்.

ஊசியில் நூல் கோத்தறியாத டெய்லர் நான். ஆபீஸில் இருந்ததோ சாக்கு தைக்கும் கோணி ஊசி. எடுத்தேன். நூல் ஊசிக் காதைத் தவிர எல்லா இடத்துக்கும் போனது.

அக்கா டீத் தட்டோடு வந்து அதிகாரி முன்னால் நின்றார். பேசவில்லை. இமைக்கவில்லை. அதிகாரி சிரித்தார். பிறகு சிரிப்பை நிறுத்தினார். தனக்குப் பின்னால் ஏதாவது நிற்கிறதா என்று திரும்பிப் பார்த்துக்கொண்டார். அக்கா கண்ணில் நீர் வழிந்தும் இமை அசையவில்லை. அந்த மனிதருக்குக் கோபம் வந்தால் அக்காவுக்கும் சேர்த்து ஊர்தான்.

"கலாஸ், கலாஸ்!" என்று, போதும் என்பதுபோல் அதிகாரி கையை இழுத்துக்கொண்டார். இருவரும் டீயைத் தொடாமலே போனார்கள்.

கதவு மூடியதும் அக்கா பெட்டி மேலேயே பொத்தென்று உட்கார்ந்தார்.

"என்னமா நடிச்சீங்கக்கா!"

"நடிப்பில்லைத் தம்பி. பயம் வந்தா எனக்கு இமை மூடாது. ஊரில ஆமிக்காரர் வீட்டுக்குள்ள வந்த நாளில இருந்து அப்பிடித்தான். கமராவுக்கும் பயம்தான். அதைத்தான் அந்த டைரக்டர் நடிப்பெண்டு நினைச்சவர்."

அன்றைக்கு முதல்முறையாக அவருக்கு நான் டீ போட்டேன். சர்க்கரையை மறந்துவிட்டேன். "நல்லா இருக்கு" என்று சொட்டு விடாமல் குடித்தார். எனக்கு அக்கா இல்லை என்று அதன்பிறகு நான் யாரிடமும் சொன்னதில்லை.